முப்பத்தொன்றாவது விளையாட்டு

நிண்டெண்டோ நிறுவனம் 2016 நவம்பரில் ‘என்.இ.எஸ். கிளாசிக்’ என்றொரு சிறு கருவியை வெளியிட்டது. 1980களில் அமெரிக்க, ஐரோப்பிய வீடுகளில் தொலைக்காட்சிக்கு அடியில் இருந்த சாம்பல் நிறப் பெட்டியை உள்ளங்கை அளவுக்குச் சுருக்கிய வடிவம் அது. அமெரிக்க விலை ஏறத்தாழ 60 டாலர். உள்ளே 30 விளையாட்டுகள். பழைய பெட்டியில் கார்ட்ரிட்ஜைச் செருகுவதற்காகத் திறந்த முன்மூடி, புதியதில் வெறும் தோற்றம் மட்டுமே, அது திறக்காது. இணைய இணைப்பு கிடையாது. புதிதாக வாங்கிச் சேர்ப்பதற்குக் கடையும் கிடையாது. நிறுவனம் கொடுத்த முப்பதோடு எல்லாம் முடிந்தது. ஆனால் 2017 ஜனவரியிலேயே ரஷ்யாவையும் ஜப்பானையும் சேர்ந்த ஆர்வலர்கள் அந்தப் பெட்டிக்குள் முப்பத்தொன்றாவது விளையாட்டை ஏற்றிக் காட்டிவிட்டார்கள்.

அச்செயலுக்கு என்ன பெயர் சூட்டுவது என்பதே இங்கு என் அக்கறை. ஊடக வரலாறு பயிலும் மாணவர்களிடையே இதுபற்றிப் பேச்செடுத்தால் இரண்டு விடைகள் உடனே வந்து நிற்கின்றன. ‘திருட்டு’ என்பது ஒன்று. ‘காசு கொடுத்து வாங்கியவர் என்ன செய்தால் என்ன’ என்பது மற்றொன்று. எதிரெதிராகத் தோன்றினாலும் இரண்டும் ஒரே குழப்பத்திலிருந்து பிறப்பவை. பெட்டியைத் திறப்பது ஒரு செயல். அதற்குள் வைக்கும் விளையாட்டின் நகலை எங்கிருந்தோ பெறுவது வேறொரு செயல். முதலாவது செயலுக்கு வாங்கியவருக்கு முழு உரிமை உண்டு; இரண்டாவதை ஒவ்வொரு விளையாட்டாக எடுத்து வைத்து விசாரிக்க வேண்டும். என் நிலைப்பாடு இதுதான். இவ்வாறு பிரித்துப் பார்ப்பதை நிறுவனங்கள் விரும்புவதில்லை. ஆர்வலர்களிலும் பெரும்பாலோர் விரும்புவதில்லை என்பது இதிலுள்ள வேடிக்கை.

முதலில் பெட்டியைப் பார்ப்போம். வெளித்தோற்றம் 1985ஆம் ஆண்டுக்குரியது. உள்ளிருப்பதோ மலிவான கைக்கணினிகளில் காணப்படும் வகையைச் சேர்ந்த ஆல்வின்னர் ஆர்16 என்னும் சிப். 256 மெகாபைட் ரேம், 512 மெகாபைட் சேமிப்பிடம், லினக்ஸ் இயங்குதளம். அதன் மேல் ஓர் எமுலேட்டர் இயங்குகிறது. பழைய இயந்திரத்தின் செயலி, படம் வரையும் சிப், ஒலியெழுப்பும் பகுதி ஆகியவற்றின் நடத்தையை அடியொற்றி நடித்துக்காட்டும் மென்பொருளையே எமுலேட்டர் என்கிறோம். நிண்டெண்டோவின் பாரிஸ் ஆய்வுக்கூடம் இதை எழுதியது. ஆக, வாங்குபவர் கைக்கு வருவது பொம்மை வேடமிட்ட ஒரு பொதுக்கணினி.

அதைத் திறப்பதற்குத் திருகாணிகூடத் தேவைப்படவில்லை. ஆல்வின்னர் சிப்புகளில், தொழிற்சாலையில் மென்பொருளை ஏற்றுவதற்கும் பழுது நீக்குவதற்கும் ‘எஃப்.இ.எல்.’ எனப்படும் ஒரு நிலை உண்டு. ரீசெட் பொத்தானை அழுத்திப் பிடித்தபடி மின்விசையைத் தட்டினால் கருவி அந்நிலைக்குச் சென்றுவிடும். மின்சாரம் ஊட்டும் அதே யூ.எஸ்.பி. வடத்தைக் கணினியில் இணைத்தால் போதும். ‘ஹாக்சி’ என்ற இலவச மென்பொருள் முதலில் கருவியின் கெர்னலை அப்படியே படியெடுத்துக் கணினியில் பத்திரப்படுத்துகிறது. பின்னர் அதில் சிறு மாற்றம் செய்து திருப்பி எழுதுகிறது. அதன் பிறகு விளையாட்டுக் கோப்புகளைச் சேர்க்கலாம், நீக்கலாம். விரும்பினால் பழைய கெர்னலைத் திரும்ப வைத்து, கருவியைப் பிறந்தகோலத்துக்குக் கொண்டுவரலாம். இந்தக் கடைசி வசதியை நான் முக்கியமாகக் கருதுகிறேன். மீட்டெடுக்கக்கூடிய மாற்றத்தை மட்டுமே செய்வது என்பது அருங்காட்சியகப் பாதுகாப்பாளர்களின் அடிப்படை நெறிகளுள் ஒன்று. அந்நெறியை, அதன் பெயர்கூட அறியாமல், பொழுதுபோக்காளர்கள் கடைப்பிடித்திருக்கிறார்கள்.

நிறுவனமும் இதை எதிர்பார்த்தே இருந்தது போலும். அந்த எமுலேட்டரை உருவாக்கியவர்களில் யாரோ ஒருவர், உள்ளே எட்டிப்பார்க்கப் போகிறவர்களுக்காக ஒரு குறிப்பை விட்டுச்சென்றிருந்தார். இதைச் செய்வதற்கு மிகவும் உழைத்திருக்கிறோம், இடத்தைச் சுத்தமாக வைத்திருங்கள், எல்லாவற்றையும் உடைத்துவிடாதீர்கள் என்பது அதன் சாரம். கையெழுத்திட்டவர் ‘ஹனாஃபுடா கேப்டன்’. நிண்டெண்டோ 1889இல் கியோட்டோவில் ஹனாஃபுடா சீட்டுக்கட்டு செய்யும் தொழிலாகத் தொடங்கியது என்பதை அறிந்தவர்க்கு இந்தக் கையெழுத்து புன்னகை வரவழைக்கும். நிறுவனத்தின் சட்டத்துறை எழுதும் மொழிக்கும், அதே நிறுவனத்தின் பொறியாளர் எழுதும் மொழிக்கும் உள்ள தொலைவு இதில் தெரிகிறது.

இனி அந்த முப்பது என்ற எண். ‘சூப்பர் மரியோ பிரதர்ஸ்’ விளையாட்டின் மொத்த அளவு 40 கிலோபைட். இன்று கைபேசியில் எடுக்கும் ஒரு படம் அதைப்போல் ஐம்பது மடங்கு இருக்கலாம். ‘சூப்பர் மரியோ பிரதர்ஸ் 3’ அக்காலத்தில் பெரிய விளையாட்டு. அதுவே 384 கிலோபைட்தான். கருவியில் எல்லாம் போக ஏறத்தாழ 300 மெகாபைட் இடம் மிச்சமிருந்தது. வட அமெரிக்காவில் இக்கருவிக்கென உரிமம் பெற்று வெளியானவை ஏறத்தாழ 700 விளையாட்டுகள். அவை அனைத்தும் அந்த மிச்ச இடத்தில் அடங்கிவிடும். ஆகவே முப்பது என்பது நினைவகத்தின் எல்லை அன்று. பிற நிறுவனங்களோடு உரிமம் பேசும் சிரமம், விற்பனைக் கணக்கு, ‘இவைதாம் நினைவில் நிற்கத்தக்கவை’ என்ற தெரிவு ஆகிய மூன்றும் சேர்ந்து இட்ட எல்லை. முதல் இரண்டும் வணிகத்தில் இயல்பானவை. மூன்றாவது நம் துறைக்கு உரிய பொருள். இலக்கியத்தில் நூல் தொகுப்புகளைப் பற்றி நாம் எவ்வளவு பேசியிருக்கிறோம்! யார் தொகுத்தார், எதை விட்டார், ஏன் விட்டார் என்ற வினாக்களை எழுப்பாமல் ஒரு தொகைநூலை நாம் வகுப்பறைக்குள் விடுவதில்லை. இந்தப் பெட்டியும் ஒரு தொகைநூலே.

தெரிவு என்பதற்குச் சான்று வேண்டுமானால் ஜப்பானியப் பதிப்பைப் பார்க்கலாம். அங்கே இது ‘ஃபேமிகாம் மினி’ என்ற பெயரில் வெளியானது. அதிலும் 30 விளையாட்டுகள். ஆனால் 22 மட்டுமே இரண்டுக்கும் பொது. மீதி எட்டும் வேறு. அமெரிக்கப் பெட்டியில் ‘ஃபைனல் ஃபேன்டஸி’யின் முதற்பாகம் இருந்தது, ஜப்பானியப் பெட்டியில் மூன்றாம் பாகம். அமெரிக்கர்க்கு அமெரிக்கக் கால்பந்து பற்றிய ‘டெக்மோ பவுல்’. ஜப்பானியர்க்குச் சுமோ மல்யுத்தம். ஒரே நிறுவனம், ஒரே ஆண்டு, ஒரே சிப். இரண்டு வேறு கடந்தகாலங்கள். எந்தக் கடந்தகாலம் யாருக்கு விற்கும் என்பதை நிறுவனம் நன்கு அறிந்திருந்தது.

நம்முடைய கடந்தகாலம் இந்த இரண்டிலும் இல்லை. 1990களில் இந்தியக் கடைகளில் ‘டிவி கேம்’ என்று விற்கப்பட்டவை பெரும்பாலும் ஃபேமிகாமின் நகல் கருவிகள். மஞ்சள் நிறக் கார்ட்ரிட்ஜ்களை நாம் ‘கேசட்’ என்றே அழைத்தோம். மேலட்டையில் ‘9999 இன் 1’ என்று அச்சிட்டிருக்கும். உள்ளே பத்துப் பதினைந்து விளையாட்டுகளே பெயர் மாற்றியும் நிலை மாற்றியும் மீண்டும் மீண்டும் வரும். அத்தலைமுறையில் பலர்க்கு முதலில் நினைவுக்கு வரும் பெயர் ‘கான்ட்ரா’. என்.இ.எஸ். கிளாசிக்கில் ‘கான்ட்ரா’ இல்லை. அதன் தொடர்ச்சியான ‘சூப்பர் சி’தான் இருக்கிறது. இந்தியாவில் இக்கருவியை இறக்குமதியாளர்களிடம் கூடுதல் விலை கொடுத்து வாங்கிய ஒருவர், முதல் வேலையாக ‘கான்ட்ரா’வை அதில் ஏற்றினார் என்றால் அதைப் பேராசை என்று சொல்லிவிட முடியுமா? நிறுவனம் தொகுத்த வரலாற்றில் தனக்கு இடமில்லாத ஒருவர் அதில் ஒரு வரி எழுதிச் சேர்க்கிறார்.

விளையாட்டைச் சேர்ப்பது என்றால் கோப்பை நகலெடுத்து ஒட்டுவது என்றே வெளியிலிருப்போர் நினைக்கிறார்கள். உள்ளே இறங்கிப் பார்த்தால் அது பட்டியலாளரின் வேலை. ஒவ்வொரு விளையாட்டுக்கும் ஹாக்சி சில கட்டங்களை நிரப்பச் சொல்கிறது: தலைப்பு, வெளியான நாள், வெளியிட்ட நிறுவனம், எத்தனை பேர் ஆடலாம், மேலட்டைப் படம். அமெரிக்கத் தேதியா ஜப்பானியத் தேதியா? மேலட்டை எந்த நாட்டுப் பதிப்பு? ஒரே விளையாட்டு மூன்று பெயர்களில் வந்திருந்தால் அகரவரிசையில் அதை எங்கே வைப்பது? நூலக அறிவியல் மாணவர்கள் முதலாம் பருவத்தில் சந்திக்கும் வினாக்கள் இவை. பட்டியல் நீண்டால் கருவியின் முகப்பு தடுமாறும் என்பதால் உறைகளாகவும் பிரிக்க வேண்டியிருந்தது. வகைமைப்படி பிரிப்பதா, ஆண்டுப்படியா, நிறுவனப்படியா என்று இரவெல்லாம் வாதிட்டவர்கள் உண்டு. நம் துறைக் கருத்தரங்குகளில் கேட்ட பல வாதங்களைவிட அவை சுவையானவை.

அடுத்த சிக்கல் கார்ட்ரிட்ஜின் தன்மையிலிருந்து எழுகிறது. அதைப் புத்தகம்போல, தரவு மட்டும் உள்ள பொருளாக எண்ணுவது தவறு. காலம் செல்லச் செல்ல விளையாட்டுகள் வளர்ந்தன. கருவியோ 1983இல் ஜப்பானில் வெளியான அதே கருவி. எனவே கூடுதல் ஆற்றலைக் கார்ட்ரிட்ஜுக்குள்ளேயே சிப்புகளாக வைத்து விற்றார்கள். நினைவகத்தைப் பகுதி பகுதியாக மாற்றிக் காட்டும் இச்சிப்புகளை ‘மேப்பர்’ என்பர். கொனாமி நிறுவனத்தின் ‘கேசில்வேனியா’ மூன்றாம் பாகம் நல்ல எடுத்துக்காட்டு. ஜப்பானியக் கார்ட்ரிட்ஜில் கொனாமியின் சொந்தச் சிப் மூன்று கூடுதல் ஒலித்தடங்களைத் தந்தது. அமெரிக்கக் கருவியில் அந்த ஒலி கார்ட்ரிட்ஜிலிருந்து வருவதற்கு வழியில்லாததால், அங்கே வெளியான பதிப்பில் வேறு சிப், இசையும் மெலிந்தது. நிண்டெண்டோவின் எமுலேட்டர் எல்லா மேப்பர்களையும் அறியாது. தன் முப்பதுக்கும் தன் தேவைக்கும் வேண்டியவற்றை மட்டுமே அறியும். ஆகவே பிற விளையாட்டுகளுக்காக ‘ரெட்ரோஆர்ச்’ என்ற திறந்த மூல மென்பொருளையும் கருவியில் நிறுவ நேர்ந்தது. சேர்ப்பவர் இப்படித்தான் மெல்ல மெல்ல மின்னணுவியல் வரலாறு கற்கிறார்.

சேர்த்தும் சேராத விளையாட்டும் உண்டு. ‘டக் ஹன்ட்’ அதில் முதன்மையானது. துப்பாக்கி வடிவக் கருவியால் திரையிலுள்ள வாத்தைச் சுடும் விளையாட்டு. விசையை அழுத்தியதும் திரை ஒரு கணம் முழுக்கக் கறுத்து, அடுத்த கணம் வாத்து இருந்த இடத்தில் மட்டும் வெள்ளைக் கட்டம் தோன்றும். துப்பாக்கிக் குழலினுள் இருக்கும் ஒளியுணரி அந்த வெளிச்சத்தைக் கண்டதா இல்லையா என்பதைக்கொண்டு குறி தப்பியதா எனக் கணக்கிடப்படும். இது பழைய படக்குழாய்த் தொலைக்காட்சியின் வேகத்தையும் ஒளி மினுக்கத்தையும் நம்பிய ஏற்பாடு. இன்றைய தட்டைத் திரை படத்தைச் சற்றுத் தாமதித்தே காட்டுகிறது. எனவே குறி ஒருபோதும் சேராது. கோப்பு பெட்டிக்குள் இருக்கும், வாத்துகள் பறக்கும், நாயும் சிரிக்கும், விளையாட்டு இருக்காது. ‘மென்பொருளைக் காத்துவிட்டால் விளையாட்டைக் காத்துவிட்டோம்’ என்று எளிதாகச் சொல்பவர்களுக்கு நான் காட்டும் உதாரணம் இதுவே.

ஆர்வலர்களோடு எனக்கிருக்கும் மனவேறுபாட்டையும் இங்கே பதிந்துவிடுகிறேன். இடம் இருக்கிறது என்பதற்காக எழுநூறையும் கொட்டி நிரப்பும் வழக்கம் விரைவிலேயே பரவியது. அப்படி நிரப்பிய கருவியில் நடப்பது என்ன? உரிமையாளர் அரைமணி நேரம் பட்டியலை உருட்டுகிறார், ஒன்றைத் தொடங்கி இரண்டு நிமிடத்தில் வெளியேறுகிறார், வேறொன்றைத் தொடுகிறார். ‘9999 இன் 1’ கேசட்டின் பொய்யை மெய்யாக்கியதுதான் மிச்சம். முப்பது என்ற தொகைநூலை மறுப்பதற்கு நம்மிடம் ஒரு மாற்றுத் தொகை இருக்க வேண்டும். முப்பத்தொன்று, முப்பத்திரண்டு என்று காரணம் சொல்லிச் சேர்க்கும் பட்டியலை நான் மதிக்கிறேன். ஏழுநூறில் எந்தக் காரணமும் இல்லை.

சட்டத்துக்கு வருவோம். அமெரிக்காவில் இதற்கு ஒரு முன்கதை உண்டு. ‘கேம் ஜீனி’ என்ற இணைப்புக் கருவியைக் கார்ட்ரிட்ஜுக்கும் பெட்டிக்கும் இடையே செருகினால் விளையாட்டின் சில மதிப்புகள் மாறும். கூடுதல் உயிர் கிடைக்கும், உயரத் தாவலாம். விளையாட்டைத் திரித்து வேறு படைப்பாக்குகிறது என்று நிண்டெண்டோ வழக்காடியது. 1992இல் ஒன்பதாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. வாங்கியவர் தன் வீட்டில் தன் விருப்பப்படி ஆடலாம் என்ற இயல்பறிவு அன்று வென்றது. ஆனால் 1998இல் வந்த டிஜிட்டல் மில்லினியம் பதிப்புரிமைச் சட்டம், தொழில்நுட்பப் பூட்டைத் தாண்டுவதையே தனிக் குற்றமாக்கியது. தாண்டிய பின் நீங்கள் எதையும் நகலெடுக்காவிட்டாலும் தாண்டியதே தவறு. திறப்பதையும் எடுப்பதையும் ஒன்றாகக் குழைத்த சட்டம் அது. நம் மாணவர்களிடம் காணும் குழப்பத்துக்கு ஊற்றுக்கண் அங்கிருக்கிறது என்பது என் ஐயம். அமெரிக்கச் சட்டத்தின் மொழியில்தான் உலகமே இதைப் பேசுகிறது.

இந்தியச் சட்டம் அப்படியில்லை. 2012 திருத்தத்தின் வழி நம் பதிப்புரிமைச் சட்டத்தில் சேர்ந்த 65ஏ பிரிவு, பூட்டைத் தாண்டுவதைக் குற்றமாக்குகிறது. ஆனால் உரிமையை மீறும் நோக்கத்தோடு தாண்டினால் மட்டுமே. நோக்கம் என்ற அச்சொல் பெரிய வேலை செய்கிறது. தன் கருவிக்குள் என்ன இருக்கிறது என்று பார்ப்பதற்காகத் திறந்தவர் அதனால் மட்டும் குற்றவாளி ஆகமாட்டார். அதற்கும் முன்னரே, 52ஆம் பிரிவின் உட்கூறுகள் கணினி நிரலின் செயற்பாட்டை உற்றுநோக்கிப் படிப்பதற்கும் சோதிப்பதற்கும் இடமளித்திருந்தன. சட்டப்படி தாமே பெற்ற நகலிலிருந்து, வணிகமல்லாத சொந்தப் பயன்பாட்டுக்காகப் படியெடுப்பதும் மாற்றியமைப்பதும் உரிமைமீறல் ஆகா என்று 52(1)(ஏடி) சொல்கிறது. கணினி நிரலை வாங்கியவர்க்கு இவ்வளவு தெளிவாகப் பரிந்து பேசும் சட்டத்தை வைத்திருக்கிறோம். நம் ஆய்வுத் துறைகளில் இதை மேற்கோள் காட்டுவோர் அரிது. டெல்லிப் பல்கலைக்கழக ஒளிநகல் வழக்கில் 2016இல் வந்த தீர்ப்பைப் பற்றிக் கட்டுரை எழுதாத மானுடவியல் துறை இல்லை. அதே பிரிவின் சில வரிகள் தள்ளியிருக்கும் இந்த உட்கூறு அனாதையாகக் கிடக்கிறது. (‘காப்புரிமை’ என்ற சொல்லால் பதிப்புரிமையையும் கண்டுபிடிப்புகளுக்கான உரிமத்தையும் ஒருசேரக் குறிக்கும் நம் செய்தித்தாள் வழக்கமும் இந்தக் கவனக்குறைவுக்கு ஒரு காரணம் என்பேன்.)

இதில் இரண்டு முடிச்சுகள் உள்ளன. வீடியோ கேம் என்பது நிரல் மட்டுமன்று. படமும் இசையும் கதையும் சேர்ந்தது. நிரலுக்குக் கிடைக்கும் சலுகை அவற்றுக்கும் நீளுமா என்பதைச் சட்டம் தெளிவாகச் சொல்லவில்லை. இரண்டாவது முடிச்சு இன்னும் கடினமானது. ‘சட்டப்படி தாமே பெற்ற நகல்’ என்பது நிபந்தனை. நாம் சிறுவயதில் வாங்கிய மஞ்சள் கேசட்டுகளில் பெரும்பாலானவை சட்டப்படி பெற்றவை அல்ல. அன்று கடைத்தெருவில் வேறு கிடைக்கவும் இல்லை. அமெரிக்காவில் வளர்ந்த ஒருவர் பரணிலிருந்து தன் அசல் ‘கான்ட்ரா’வை எடுத்துப் படியெடுக்கலாம். இங்கே வளர்ந்தவரிடம் இருப்பதோ நகலின் நகல். எந்தச் சந்தையை நிறுவனங்கள் பொருட்படுத்தாமல் விட்டனவோ, அந்தச் சந்தையில் வளர்ந்தவர்களின் நினைவு முழுவதுமே சட்டத்துக்குப் புறம்பான பொருள்களின் மேல் கட்டப்பட்டிருக்கிறது. இதற்கு எளிய தீர்வு என்னிடம் இல்லை. ஆனால் அவர்களைத் திருடர் என்று அழைக்கும்போது இந்த வரலாற்றையும் சேர்த்தே அழைக்க வேண்டும்.

நிறுவனத்தின் தரப்பைக் கேட்காமல் விடுவது நேர்மையன்று. விளையாட்டுகளை உருவாக்கியவர்க்கு வருவாய் வேண்டும் என்ற வாதம் வலுவானது. நிண்டெண்டோ 2018இலிருந்து தன் ஸ்விட்ச் கருவியில் சந்தா வழியாகப் பழைய விளையாட்டுகள் பலவற்றைத் தருகிறது. அப்படிக் கிடைக்கும் ஒன்றைக் காசில்லாமல் இறக்கிக்கொள்வதற்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன். நூற்றுக்கணக்கான விளையாட்டுகளை முன்கூட்டியே ஏற்றி, இரட்டை விலைக்குக் கருவியை விற்பவர்களுக்கும் அப்படியே. அது பிறர் உழைப்பை விற்கும் வியாபாரம். மறுபுறம், எந்த உறுத்தலுமின்றிச் சேர்க்கக்கூடியவையும் உள்ளன. பழைய கருவிக்காக இன்றும் புதிதாக விளையாட்டு எழுதுவோர் இருக்கிறார்கள். ஜெர்மனியைச் சேர்ந்த மார்ஃப்கேட் கேம்ஸ் 2019இல் வெளியிட்ட ‘மைக்ரோ மேஜஸ்’, ‘சூப்பர் மரியோ’வைப் போலவே 40 கிலோபைட்டுக்குள் அடக்கப்பட்டது. விலை கொடுத்து வாங்கி அக்கோப்பைப் பெட்டியில் ஏற்றுபவர் எந்தச் சட்டத்தையும் மீறவில்லை. ஆனால் பெட்டியைத் திறக்காமல் இதைச் செய்ய வழியில்லை. திறப்பதே குற்றம் என்றால், நேர்மையாக வாங்கிய இந்த விளையாட்டுக்கும் வாசல் அடைபடுகிறது.

நகலெடுப்போரைக் கடிந்துகொள்ளும் நிறுவனங்கள் அவர்களது உழைப்பின் மீதே நிற்பதும் உண்டு. சோனி 2018 டிசம்பரில் வெளியிட்ட பிளேஸ்டேஷன் கிளாசிக்கில், சொந்த எமுலேட்டருக்குப் பதிலாக ஆர்வலர்கள் ஆண்டுக்கணக்கில் எழுதி இலவசமாக வெளியிட்டிருந்த ‘பி.சி.எஸ்.எக்ஸ். ரீஆர்ம்டு’ இயங்கியது. உரிமத்தின்படி அது முற்றிலும் சரியே. பிறகு அதே கருவியில் அதே ஆர்வலர் வட்டம் கூடுதல் விளையாட்டுகளைச் சேர்த்தபோது, யார் யாருடைய வீட்டுக்குள் நுழைந்தார் என்று சொல்வது எளிதாக இல்லை.

இவ்வளவும் ஏன் பொருட்டாகிறது? அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் வெளியிட்ட ஆய்வின்படி, 2010க்கு முன் அந்நாட்டில் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று விற்பனையில் இல்லை. அவற்றைச் சட்டப்படி ஆட விரும்புபவர் பழைய கார்ட்ரிட்ஜையும் பழைய கருவியையும் தேடி அலைய வேண்டும். நிண்டெண்டோ தன் வீ இணையக் கடையை 2019 ஜனவரியிலும், வீ யூ, 3டிஎஸ் கடைகளை 2023 மார்ச்சிலும் மூடியது. வேறெங்கும் விற்கப்படாத பல அவற்றோடு போயின. ஆய்வாளர்கள் நூலகத்துக்கு நேரில் செல்லாமல் தொலைவிலிருந்து பழைய விளையாட்டுகளை அணுக அனுமதி வேண்டும் என்ற கோரிக்கையை அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் 2024 அக்டோபரில் நிராகரித்தது. இங்கிருந்து ஆய்வு செய்யும் ஒருவர்க்கு அதன் பொருள், விமானச்சீட்டு வாங்கு என்பது.

இதே காலத்தில் பொழுதுபோக்காளர்கள் செய்தது என்ன? 1995 முதல் 2000 வரை ஜப்பானில் செயற்கைக்கோள் வழியே ஒலிபரப்பான ‘சாட்டெலாவியூ’ விளையாட்டுகள், ஒலிபரப்பு நின்றதும் மறைந்துபோயின. பழைய பொருள் சந்தையில் நினைவக அட்டைகளை வாங்கி, அவற்றில் அழியாமல் எஞ்சியிருந்ததைப் படித்தெடுத்து அவற்றில் பலவற்றை மீட்டவர்கள் தனி ஆர்வலர்கள். ‘ஸ்டார் ஃபாக்ஸ் 2’ கதை வேறு வகை. 1990களின் நடுவில் ஏறத்தாழ முடிந்த நிலையில் நிண்டெண்டோ அதைக் கைவிட்டது. கசிந்த முன்வடிவங்களை ஒட்டித் தைத்து ஆர்வலர்கள் ஆடிக்கொண்டிருந்தார்கள். 2017இல் அடுத்த சிறு கருவியான ‘எஸ்.என்.இ.எஸ். கிளாசிக்’கின் 21 விளையாட்டுகளில் ஒன்றாக நிறுவனமே அதை முதன்முறை வெளியிட்டது. விற்பனைக்கான பெரும் கவர்ச்சியாக அதுவே முன்வைக்கப்பட்டது. ஆர்வலர்கள் இருபதாண்டு காலம் அதன் பெயரை உயிரோடு வைத்திராவிட்டால், அந்தக் கவர்ச்சி எங்கிருந்து வந்திருக்கும்?

நம் நாட்டில் இப்பணிக்கு நிறுவனம் எதுவும் பொறுப்பேற்றதாகத் தெரியவில்லை. நூல்களையும் இதழ்களையும் பொது நூலகங்களுக்கு அனுப்பவேண்டும் என்ற 1954ஆம் ஆண்டுச் சட்டத்தில் மென்பொருளுக்கு இடமில்லை. பாதுகாப்புக்காக மின்னணு வடிவில் சேமிக்க நூலகங்களுக்கு அனுமதி தரும் 52(1)(என்) உட்கூறு 2012இல் வந்தபோது பலரும் வரவேற்றோம். அதன் நிபந்தனையைக் கூர்ந்து படியுங்கள்: வணிகமல்லாத பொது நூலகம், அப்படைப்பின் டிஜிட்டல் அல்லாத படி ஒன்றை ஏற்கெனவே வைத்திருக்க வேண்டும். ஓலைச்சுவடிக்கும் அச்சு நூலுக்கும் இது பொருந்தும். கார்ட்ரிட்ஜ்? அதில் இருப்பது தொடக்கம் முதலே டிஜிட்டல். டிஜிட்டல் அல்லாத படி என்ற ஒன்று அதற்கு எந்நாளும் இருந்ததில்லை. எனவே சட்டத்தை எழுத்துக்கு எழுத்து படித்தால், எந்த இந்திய நூலகமும் இந்த உட்கூற்றின்கீழ் ஒரு வீடியோ கேமைக் காக்க இயலாது. கணினிக் காலத்துக்காக எழுதப்பட்ட பிரிவு, கணினியில் பிறந்ததை வெளியே நிறுத்திவிட்டது. ‘டிஜிட்டல் அல்லாத’ என்ற இரண்டு சொற்களை நீக்கினால் போதும். பதிப்புரிமை பற்றி ஆய்வுசெய்யும் நண்பர்கள் அடுத்த திருத்தம் குறித்த கருத்துக்கேட்பு வரும்போது இதை எழுதி அனுப்ப வேண்டும்; கூட்டாக எழுதினால் நானும் கையொப்பமிடுகிறேன்.

அதற்கிடையில் ஒரு சிறு வேண்டுகோள். வீட்டுப் பரணில் பழைய கேசட்டுகள் வைத்திருப்பவர்கள் அவற்றைக் குப்பையில் எறிந்துவிட வேண்டாம். நகலாக இருந்தாலும் பரவாயில்லை. நகல்தான் நம் வரலாறு. மேலட்டையையும் பின்புறத்தையும் படமெடுத்து, எந்த ஊரில், ஏறத்தாழ எந்த ஆண்டில், என்ன விலைக்கு வாங்கியது என்று நினைவிருக்கும் வரை எழுதி வையுங்கள். முகப்பில் வரும் விளையாட்டுப் பட்டியலையும், அதிலுள்ள எழுத்துப்பிழைகளோடு, அப்படியே குறித்துக்கொள்ளுங்கள். பின்னூட்டத்தில் பகிர்ந்தால் நான் ஓர் அட்டவணையில் தொகுத்து வருகிறேன்.